'ஒன்லி' என்னும் ஒரு சொல்



இத்திங்கள் ஆங்கிலச் சொல் ஒன்றைக் குறித்துச் சிறிது சிந்திக்க விழைகின்றோம். குடும்ப இதழ் ஒன்றில் ஆங்கில இலக்கணத்திற்கு என்ன வேலை என்று சிலர் வினவலாம். வேலை உண்டு. நாள்தோறும் நம் இல்லங்களிலும் கடைத்தெருவிலும் அலுவலகங்களிலும் வழங்கும் மிகச் சிறிய சொல் அது. அதை வைக்கத் தகாத இடத்தில் வைத்தமையால் ஒரு குடும்பத்தில் பெருந்துயர் விளைந்தது. வைத்தவர் வேறு எவரும் அல்லர், நாமே. ஆதலின் இக்கட்டுரையை ஒருவகைப் பாவசங்கீர்த்தனம் என்றே வாசகர்கள் கொள்ளலாம். சம்பந்தப்பட்ட குடும்பத்தாரின் இசைவு பெற்று, பெயர்களை விலக்கி எழுதுகின்றோம்.

நோயுற்ற அன்னையின் செய்தி

கல்பாக்கத்தை அடுத்த புதுப்பட்டினத்தில் வாழ்ந்த முதிய கைம்பெண் ஒருவர். அவருடைய கணவர் 1970-களில் அணுமின் நிலையக் கட்டுமானப் பணிக்கென வெளியூரினின்று வந்து இவ்வூரிலேயே நிலைத்தவர். மக்கள் இருவர். மூத்தவர் கடைத்தெருவில் மளிகைக் கடை வைத்திருக்கிறார். இளையவர் ஆங்கிலவழியில் பயின்று இங்கிலாந்து சென்று, ஆங்கே குடியேறிய யாழ்ப்பாணத் தமிழ்க் குடும்பத்துப் பெண்ணை மணந்தார். அம்மணம் நிகழ்ந்தபோது தாயாருக்கு முழு உடன்பாடு இருந்ததில்லை. "நம்ம ஊர்ல பொண்ணே இல்லையா?" என்று அவர் கேட்ட ஒரு கேள்வி கடல் கடந்து மருமகள் செவியிலும் விழுந்தது. காலம் செல்லச் செல்லத் தாயாரின் மனம் கனிந்தது. ஆயினும் கனிந்த செய்தி கடலைக் கடக்கவில்லை.

அம்மையார் படுத்த படுக்கையானார். முதல் வெள்ளிதோறும் நற்கருணை கொண்டு செல்வது நம் வழக்கம். அவ்வாறு சென்ற ஒரு நாள் அவர் நம் கையைப் பற்றிக்கொண்டு, "சாமி, சின்னவனுக்கு எழுதுங்க. உங்களுக்காகத்தான் உயிரை வச்சிக்கிட்டு இருக்கேன்னு எழுதுங்க" என்றார். இளையவருக்குத் தமிழ் எழுத்துக் கூட்டிப் படிக்கவே வரும். மூத்தவர் தம் கைப்பேசியை நம்மிடம் நீட்டி, "நீங்களே இங்கிலீசுல ரெண்டு வரி போட்டுடுங்க சாமி" என்றார். குருமடத்தில் ஆங்கிலம் பயின்றோம் என்னும் பெருமிதத்தோடு நாமும் அனுப்பினோம்: 'மதர் இஸ் வெயிட்டிங் ஃபார் யூ ஒன்லி.'

நான்கு நாள்களில் இளையவர் வந்தார், தனியே வந்தார். தாயார் வாயிலையே நோக்கியிருந்து, "அவ வரலையா? புள்ளைங்க வரலையா?" என்று கேட்டார். பிள்ளைகளுக்குத் தேர்வு என்றார் மகன். அவ்வாரமே அம்மையார் இறைவனடி சேர்ந்தார்.

ஓராண்டு கழிந்தது. முதலாம் ஆண்டு நினைவுத் திருப்பலிக்கு மருமகளும் இரு பிள்ளைகளும் வந்திருந்தனர். திருப்பலி முடிந்தபின் அப்பெண் நம் இல்லத்திற்கு வந்து நெடுநேரம் பேசாதிருந்தார். பிறகு, "மாமி என்னை வரச் சொல்லேல்லையே, ஃபாதர். அவரை மட்டுந்தானே கேட்டவ" என்று சொல்லிக் கைப்பேசியைத் திறந்து காட்டினார். நாம் எழுதிய வரி அங்கே இருந்தது. 'அன்னை உமக்காக மட்டுமே காத்திருக்கிறார். வேறெவரும் வர வேண்டா' என்றுதான் ஆங்கிலத்திலேயே வளர்ந்த அவர் அதைப் படித்திருந்தார். அவ்வாறு படித்தது அவர் குற்றமன்று. அவ்வாறு எழுதியது நம் குற்றம்.

அன்றிரவு உறக்கம் வரவில்லை. அகராதிகளையும் நம் பழைய இலக்கண நூல்களையும் எடுத்து வைத்துக்கொண்டு அமர்ந்தோம். அப்போது கண்டவற்றை இனிக் கூறுவோம்.

சொல் பிறந்த கதை

'ஒன்லி' என்பது பழைய ஆங்கிலத்தில் 'ஆன்லீக்' என வழங்கியது. 'ஆன்' என்பது ஒன்று. 'லீக்' என்பது உடல் அல்லது வடிவம். ஆகவே, 'ஒற்றை வடிவினது, தன்னந்தனியானது' என்பதே அதன் முதற்பொருள். ஒன்று என்னும் எண்ணைக் குறிக்கும் ஆங்கிலச் சொல்லை இன்று நாம் 'வன்' என்று ஒலிக்கிறோம். அவ்வகர ஒலி பிற்காலத்தில் வட்டார வழக்கொன்றிலிருந்து நுழைந்தது. 'ஒன்லி' என்பதோ பழைய ஒலியைக் காத்து நிற்கிறது. 'அலோன்' என்பது 'ஆல்', 'ஒன்' என்னும் இரண்டும் இணைந்தது; 'முழுவதும் ஒன்றே' என்பது பொருள். அதன் முதலெழுத்துத் தேய்ந்து 'லோன்லி' முதலியன பிறந்தன. இவையெல்லாம் ஒரு குடும்பத்துச் சொற்கள்.

ஆங்கில வினையடைகள் பலவற்றின் இறுதியில் வரும் 'லி' என்னும் விகுதியும் இவ்வுடல் என்னும் சொல்லின் தேய்வே. நாம் 'அழகாக', 'மெதுவாக' என்று 'ஆக' சேர்ப்பதுபோல அவர்கள் 'உடல்' என்பதைச் சேர்த்தனர். இங்கிலாந்தின் பழைய ஆலயங்களில் கல்லறைத் தோட்டத்தின் நுழைவாயிலுக்கு 'லிச் கேட்' என்று பெயர். குருவானவர் வரும்வரை பிரேதத்தை இறக்கி வைக்கும் கூரையிட்ட வாயில் அது. அங்கே உள்ள 'லிச்' என்பதும் இவ்வுடலே.

இதற்குச் சான்று தேடி இங்கிலாந்துவரை செல்ல வேண்டியதில்லை. நம் புதுப்பட்டினத்திற்கு அண்மையிலேயே சதுரங்கப்பட்டினத்துக் கோட்டை இருக்கிறது. டச்சுக்காரர்கள் 17-ஆம் நூற்றாண்டில் அங்கு வணிகத்தளம் அமைத்தனர்; 1825-இல் அது முடிவாக ஆங்கிலேயர் கைக்கு மாறியது. இன்று தொல்லியல் துறையின் பாதுகாப்பில் உள்ள அக்கோட்டைக்குள் டச்சுக்காரர்களின் கல்லறைகள், சித்திரம் செதுக்கிய கற்பலகைகளோடு கிடக்கின்றன. டச்சு மொழியில் பிரேதத்திற்குப் பெயர் 'லைக்'. ஆங்கில 'லி' விகுதிக்கு நேரான டச்சு விகுதியும் அதே எழுத்துகளால் ஆன 'லைக்'. உறவுமொழிகள் இரண்டும் ஒரே உடலைச் சொற்களின் பின்னே சுமந்து திரிகின்றன.

எங்கே வைப்பது?

பிறந்த பொருள் 'ஒற்றை' ஆதலின், ஆங்கிலத்தில் இச்சொல்லின் தலையாய தொழில் வேலியிடுதல். இதுவன்றி வேறில்லை என்று பிரித்துக் காட்டுதல். 'தாய் குழந்தைக்குப் பால் கொடுத்தாள்' என்னும் தொடரை ஆங்கிலத்தில் சொல்லும்போது, 'ஒன்லி' என்பதைத் தாய்க்கு முன் வைத்தால் 'தாய் மட்டுமே கொடுத்தாள், மற்றோர் கொடுக்கவில்லை' என்றாகும். குழந்தைக்கு முன் வைத்தால், பிறர் பெறவில்லை. பாலுக்கு முன் வைத்தால், சோறு தரவில்லை. வினைக்கு முன் வைத்தாலோ, இவற்றுள் எதுவாகவும் பொருள்படலாம். பேசுவோர் எச்சொல்லை அழுத்தி ஒலிக்கிறார் என்பதைக் கொண்டே அறிய வேண்டும். தாளில் அழுத்தம் தெரியாது.

இக்குழப்பம் ஆங்கிலேயருக்கும் பழையதே. 18-ஆம் நூற்றாண்டில் ஆங்கில இலக்கணம் எழுதியவரும் பின்னர் இலண்டன் ஆயராக விளங்கியவருமான ராபர்ட் லௌத், இச்சொல்லை அதற்குரிய சொல்லின் அருகிலேயே வைக்க வேண்டும் என்று கடிந்துரைத்தார். 1926-இல் ஆங்கில வழக்ககராதி வெளியிட்ட ஃபௌலர் என்பாரோ, பொருள் மயங்காத இடத்தில் மக்கள் இயல்பாகச் சொல்வதைக் குறைகூற வேண்டா என்றார். இருவர் சொல்லையும் சேர்த்து நோக்கின் ஒன்று புலனாகும்: பொருள் மயங்கும் இடத்தில் விழிப்பு வேண்டும்.

அன்றியும், 'ஒன்லி' வேலி மட்டும் இடுவதன்று. நேற்று என்பதோடு சேர்ந்தால் 'நேற்றுத்தான், அதற்குள்ளாகவா?' என்னும் குறிப்பைத் தரும். 'இஃப்' என்பதோடு சேர்ந்து 'இஃப் ஒன்லி' என்றானால், 'அவ்வாறு இருந்திருக்கக்கூடாதா!' என்னும் ஏக்கத்தைத் தரும். 'டூ' என்பதை அடுத்துக்கொண்டு மகிழ்ச்சியோடு சேர்ந்தால் 'மிகவும் மகிழ்வேன்' எனப் பொருள்படும்.

நம் மொழியில் இருப்பது என்ன?

தமிழிலே இவ்வேலைகளுக்குத் தனித்தனிச் சொற்கள் உள. 'மட்டும்' என்பது மட்டு, அதாவது அளவு, எல்லை என்பதினின்று வந்தது. 'மாத்திரம்' என்பது அளவைக் குறிக்கும் வடசொல். ஆங்கிலேயர் ஒன்று என்னும் எண்ணால் வேலியிட்டனர்; நாம் அளவினால் வேலியிட்டோம். 'தான்' என்பதோ தன்னையே சுட்டும் பெயர். 'அவன்தான்' என்றால் வேறொருவனும் அல்லன், அவனே என்றாகும்.

ஏகாரத்தைக் குறித்துத் தொல்காப்பியர் இடையியலில் ஐந்து பொருள் கூறினார்: தேற்றம், வினா, பிரிநிலை, எண், ஈற்றசை. பவணந்தி முனிவர் நன்னூலில் இசைநிறையையும் கூட்டி ஆறாக்கினார். இவற்றுள் பிரிநிலையும் தேற்றமும் நம் ஆராய்ச்சிக்கு வேண்டுவன. 'நால்வருள் இவனே வந்தான்' என்பது பிரிநிலை. மற்ற மூவரைப் பிரித்து விலக்குகிறது. 'மழை பெய்தது உண்மையே' என்பது தேற்றம். எதையும் விலக்கவில்லை, உறுதிப்படுத்துகிறது. 'தான்' என்னும் சொல்லும் இவ்விரு தொழிலையும் செய்யும். எத்தொழில் என்பதைக் கேட்போர் குரலாலும் இடத்தாலும் அறிந்துகொள்வர்.

ஆங்கில 'ஒன்லி' முதன்மையாகப் பிரிநிலைக்கு உரியது. நாமோ அதைத் தேற்றத்திற்கும் எடுத்துக்கொண்டோம். 'அவன் அப்படித்தான்' என்பதை 'ஹி இஸ் லைக் தட் ஒன்லி' என்கிறோம். 'எனக்குச் சொந்த ஊர் இதுதான்' என்பதற்கும் இறுதியில் ஒரு 'ஒன்லி' வைக்கிறோம். கல்பாக்கம் நகரியத்தில் பாரதத்தின் பல மாநிலத்தாரும் வாழ்கின்றனர். அவர்கள் பேசும் ஆங்கிலத்தைக் கேட்டால் இது தமிழருக்கே உரிய வழக்கன்று என்பது விளங்கும். இந்தி பேசுவோருக்கு 'ஹீ' என்னும் இடைச்சொல்லும், மலையாளத்தாருக்குத் 'தன்னெ' என்பதும், தெலுங்கருக்கும் கன்னடருக்கும் ஏகாரமும் இருக்கின்றன. அவையெல்லாம் சொல்லின் பின்னே ஒட்டுவன. ஆதலின் 'ஒன்லி'யும் பின்னே ஒட்டிக்கொண்டது. மொழியியல் அறிஞர் ராகேஷ் பட் என்பார் 2000-ஆம் ஆண்டில் வெளியிட்ட ஆய்வொன்றில், இது அறியாமையால் நேர்ந்த பிழையன்று, தனக்கென ஒழுங்குடைய இந்திய ஆங்கில வழக்கு என்று விளக்கியுள்ளார். நமக்குள் பேசும்போது ஓர் இடையூறும் இல்லை. கடல் கடந்து செல்லும்போதுதான் இடர்.

இனி நம் பிழையைப் பார்ப்போம். அம்மையார் சொன்னது 'உங்களுக்காகத்தான்'. பெற்ற மகனை நம் ஊர்த் தாய்மார் பொதுவாக 'நீங்கள்' என்று அழைப்பதில்லை. 'உங்களுக்காக' என்றபோது மகன், மருமகள், பேரப்பிள்ளைகள் ஆகிய நால்வரையுமே அவர் உளத்தில் வைத்திருந்தார். ஆங்கிலத்தில் ஒருவருக்கும் பலருக்கும் 'யூ' ஒன்றே ஆதலின், அப்பன்மை மறைந்தது. அவர் சொன்ன 'தான்' தேற்றம்; 'எமன் வந்தும் போகாதிருப்பது உங்களைக் காணவே' என்பது கருத்து. அதை 'ஒன்லி' ஆக்கிப் பிரிநிலையாக்கினோம். ஒருவனுக்குக் கதவைத் திறந்து மூவருக்கு அடைத்தோம்.

வேலியிட்ட சொல்

இச்சொல்லுக்கு அத்துணை வலிமையா என ஐயுறுவோர் வரலாற்றை நோக்குக. ஆங்கிலேயர் ஆட்சியில் இந்திய இரயில்களில் 'யூரோப்பியன்ஸ் ஒன்லி' என்று எழுதிய பெட்டிகள் ஓடின. தென்னாப்பிரிக்காவில் 1953-ஆம் ஆண்டுச் சட்டம் ஒன்று, கடற்கரை, பூங்கா, பேருந்து என யாவற்றையும் நிறத்தால் பிரித்தது. வெள்ளையருக்கு மட்டும் என்னும் பலகையின்கீழ் அமர இயலாதோரில் அந்நாட்டுத் தமிழரும் அடங்குவர். 1990-இல்தான் அச்சட்டம் நீக்கப்பட்டது. பலகையில் இருந்த நிறப்பெயரை விட, அதை அடுத்திருந்த இச்சிறு சொல்லே மனிதரை வெளியே நிறுத்தியது.

திருச்சபையின் வரலாற்றிலும் இப்பொருளுடைய சொல்லால் ஒரு புயல் எழுந்தது. மார்ட்டின் லூத்தர் 1522-இல் புதிய ஏற்பாட்டை ஜெர்மானிய மொழியில் வெளியிட்டபோது, உரோமையர் திருமுகம் 3:28-இல், கிரேக்க மூலத்தில் இல்லாத 'மட்டும்' என்னும் பொருள்தரும் சொல்லைச் சேர்த்தார். கத்தோலிக்கர் கண்டித்தனர். மூலத்தில் அச்சொல் இல்லாமை தமக்குத் தெரியும் என்றும், இரண்டைக் கூறி ஒன்றை ஏற்று மற்றதை மறுக்கும்போது அச்சொல்லைச் சேர்ப்பது ஜெர்மானிய மொழியின் இயல்பு என்றும், கருத்துக்கும் அது பொருந்தும் என்றும் 1530-இல் அவர் விடை எழுதினார். யாக்கோபு திருமுகம் 2:24 'விசுவாசத்தினால் மட்டும்' என்பதை மறுப்பதைக் கத்தோலிக்கர் எடுத்துக்காட்டினர். அப்பிரிவினை ஒரு சொல்லால் மட்டும் எழுந்ததன்று. ஆயினும் அப்போரின் நடுவே இச்சொல் நின்றது. 1999 அக்டோபர் 31 அன்று ஆக்ஸ்பர்க் நகரில் கத்தோலிக்கத் திருச்சபையும் லூத்தரன் உலகப் பேரவையும் ஏற்புடைமை பற்றிய கூட்டறிக்கையில் கையொப்பமிட்டன. ஒருவர் 'மட்டும்' என்று எதை வலியுறுத்தினார், மற்றவர் எதை அஞ்சி மறுத்தார் என்பதை இருவரும் அமர்ந்து கேட்டறிய ஏறத்தாழ 470 ஆண்டுகள் தேவைப்பட்டன. நம் குடும்பங்களுக்கு அத்துணை ஆயுள் இல்லை.

மூன்று தம்ளர்கள்

மறுநாட் காலை மூத்தவரின் இல்லத்திற்குச் சென்றோம். எல்லாரையும் கூட்டி வைத்து, நடந்ததைச் சொல்லி, எழுதிய பிழை நம்முடையது என்று மருமகளிடம் மன்னிப்புக் கேட்டோம். அப்போது மூத்த மருமகள் எழுந்து உள்ளே சென்று, துணியில் சுற்றிய மூன்று எவர்சில்வர் தம்ளர்களைக் கொண்டுவந்தார். அம்மையார் படுக்கையில் விழுமுன் கடைத்தெருவில் வாங்கிப் பெயர் வெட்டச் செய்தவை. இரண்டில் பேரப்பிள்ளைகளின் பெயர்கள். மூன்றாவதில் அப்பெண்ணின் பெயர், எழுத்துப் பிழையோடு. மகனுக்குச் சிறுவயதுத் தம்ளர் முன்பே இருந்தமையால் அவனுக்குப் புதிதாக வாங்கவில்லை. "அவங்க வந்தாத்தான் குடுக்கணும்னு வச்சிருந்தாங்க. நீங்க வராததால எனக்குக் குடுக்க மனசு வரல" என்றார் அவர்.

அப்பெண் அத்தம்ளரை வாங்கிப் பார்த்துக்கொண்டே இருந்தார். பிறகு, "மாமி என்ரை பேரைப் பிழையா எழுதிப் போட்டா" என்று சொல்லி அழுதார். மாலையில் அனைவரும் கல்லறைத் தோட்டத்திற்குச் சென்று செபித்துத் திரும்பினோம். போன உயிர் திரும்பாது. அம்மையார் வாயிலை நோக்கியிருந்த அந்த நான்கு நாள்களை எவரும் மீட்டுத் தர இயலாது. எனினும், அவ்விரு குடும்பத்தாரும் அதன்பின் ஒருவரோடொருவர் பேசத் தவறுவதில்லை.

'ஒன்லி' என்பதன் சொற்குடும்பத்திலே இன்னும் ஓர் உறுப்பினர் உண்டு. 'அட்டோன்' என்னும் ஆங்கில வினைச்சொல் 'அட்', 'ஒன்' என்னும் இரு சொற்களின் கூட்டு. 'ஒன்றாயிருத்தல்' என்பது அதன் பொருள். வில்லியம் டிண்டேல் 1526-இல் வெளியிட்ட ஆங்கிலப் புதிய ஏற்பாட்டில், கடவுளோடு மனிதர் மீண்டும் ஒன்றாவதைக் குறிக்க இதே கூட்டினின்று வந்த பெயர்ச்சொல்லை ஆண்டார். நாம் ஒப்புரவு என்கிறோமே, அதுதான். ஒரே வேரினின்று பிரிக்கும் சொல்லும் பிறந்தது, சேர்க்கும் சொல்லும் பிறந்தது.

வாசகர்களுக்கு ஒன்றிரண்டு வேண்டுகோள். தொலைவில் உள்ள பிள்ளைகளுக்கு ஆங்கிலத்தில் எழுதும்போது இறுதியில் 'ஒன்லி' வைக்காதீர்கள்; வைத்தே ஆக வேண்டுமாயின் உரிய சொல்லுக்கு முன்னே வையுங்கள். முக்கியமான செய்தியை எழுத்தில் அனுப்பாமல் உங்கள் குரலிலேயே சொல்லுங்கள். கைப்பேசியில் அதற்கும் வழியுண்டு. வருமாறு அழைக்கும்போது ஒவ்வொருவர் பெயரையும் சொல்லி அழையுங்கள். உங்களைப் புண்படுத்தும் ஒரு வரி வந்தால், 'இதற்கு என்ன பொருள்?' என்று அன்றே கேட்டுவிடுங்கள், ஓராண்டு காத்திராதீர்கள்.

நாமும் ஒரு வழக்கத்தை மேற்கொண்டுள்ளோம். பிறருக்காக எதையேனும் எழுதினால், அனுப்புமுன் அவர்களுக்குத் தமிழில் படித்துக் காட்டுகின்றோம். அன்று அதைச் செய்திருந்தால், "மருமவளையும் சேர்த்து எழுதுங்க சாமி" என்று அந்தத் தாயார் சொல்லியிருப்பார்.